எரிக் என்னும் பெயர்

(கிங்ஸ் சர்க்கிளில் நடைபெற்ற நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

ஆண்டுதோறும் இம்மேடையில் வள்ளுவரைப் பற்றியும் இளங்கோவடிகளைப் பற்றியும் பேரறிஞர்கள் உரையாற்றிச் சென்றிருக்கின்றார்கள். அவர்கள் நின்ற இடத்தில் நிற்பதற்கு எனக்குள்ள தகுதி சிறிது. நான் புலவன் அல்லன். முப்பத்தைந்து ஆண்டுகள் பிறருடைய கணக்கை எழுதி ஓய்வு பெற்றவன். செயலாளர் என்னிடம் வந்து, "பெயர்களைப் பற்றி ஏதேனும் பேசுங்கள்" என்று கேட்டபோது, எனக்கு ஒரே ஒரு பெயரைப் பற்றித்தான் பேசத் தெரியும் என்று சொன்னேன். அந்த ஒன்றே போதும் என்றார் அவர். அந்தப் பெயர் எரிக் என்பது.

உங்களுள் சிலர் சிரிக்கின்றீர்கள். இப்பெயர் முதன்முதலில் என் செவியில் விழுந்தபோது என் இல்லத்திலும் சிரிப்புத்தான் எழுந்தது. "எரிக்கவா? எதை எரிக்க?" என்று கேட்டார் அண்டை வீட்டு மூதாட்டியார். நான் மட்டும் சிரிக்கவில்லை. ஏன் சிரிக்கவில்லை என்பதை முதலில் சொல்லிவிடுகின்றேன்.

என் தந்தையார் திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்தவர். ஜி.ஐ.பி. இரயில்வேயின் மாட்டுங்காப் பணிமனையில் வேலை கிடைத்து, இங்கேயே வேரூன்றியவர். அவர் பெயர் ஆறுமுகம். எனக்குப் பெண்மக்கள் இருவர், ஆண்மகவு இல்லை. ஆகவே, மூத்த மகளுக்கு ஆண் குழந்தை பிறந்தால் அவனுக்கு என் தந்தையின் பெயரே வழங்கவேண்டும் என்று நானாகவே ஒரு முடிவு செய்து வைத்திருந்தேன். குழந்தை பிறப்பதற்கு இரண்டு திங்கள் முன்பே ஒரு வெள்ளிப் பாலாடை வாங்கி, அதில் 'ஆறுமுகம்' என்று பெயர் பொறிக்கச் செய்து, அலமாரியில் பட்டுத்துணியில் சுற்றி வைத்துவிட்டேன். என் மகளையோ மருமகனையோ நான் கேட்கவில்லை. கேட்கவேண்டும் என்று தோன்றவும் இல்லை.

என் மகள் இந்நகரில் பொறியியல் பயின்று, வேலையின் பொருட்டு நார்வே நாட்டிலுள்ள பெர்கன் நகருக்குச் சென்றவள். அங்கேயே அந்நாட்டு இளைஞர் ஒருவரை மணந்துகொண்டாள். அந்தத் திருமணத்திற்கு நான் இசைந்தேன். ஆனால் முழுமனத்தோடு இசைந்தேன் என்று சொன்னால் அது பொய்யாகும். குழந்தை பிறந்தது. தொலைபேசியில் மகள் பேசினாள். "அப்பா, பையனுக்கு எரிக் என்று பெயர் வைத்திருக்கிறோம்" என்றாள். அப்பொழுது நான் சொன்ன சொல்லை இன்று நினைத்தாலும் நாணம் வருகின்றது. "அப்படியானால் அவன் எனக்குப் பேரன் அல்லன்" என்று சொல்லி இணைப்பைத் துண்டித்துவிட்டேன். மூன்று திங்கள் நான் என் மகளோடு பேசவில்லை.

நான் சொன்னது சினத்தில் சொன்னதாயினும் இலக்கணப்படி சொன்னதாகவே அன்று எண்ணிக்கொண்டேன். 'பெயரன்' என்னும் சொல்லே 'பேரன்' என்று ஆயிற்று என்பதை நீங்கள் அறிவீர்கள். பாட்டனின் பெயரை உடையவன் பெயரன்; பாட்டியின் பெயரைப் பெற்றவள் பெயர்த்தி, அதாவது பேத்தி. யாழ்ப்பாணத்துத் தமிழரிடையே பாட்டனாரையே பேரன் என்றும் பாட்டியாரையே பேத்தி என்றும் அழைக்கும் வழக்கு உண்டு. பெயர் இருவர்க்கும் பொது; ஆகவே உறவுச்சொல்லும் இருவர்க்கும் பொதுவாயிற்று.

இவ்வழக்கம் குடிமக்களிடம் மட்டும் இருந்ததன்று. பல்லவர் வரலாற்றைப் பாருங்கள். முதலாம் மகேந்திரவர்மனின் மகன் மாமல்லன் எனப்பட்ட முதலாம் நரசிம்மவர்மன்; அவன் மகனோ மீண்டும் மகேந்திரவர்மன். பாட்டன் பெயர் பேரனுக்கு வந்துவிட்டது. சோழ மன்னர்கள் இராசகேசரி, பரகேசரி என்னும் பட்டங்களை மாறி மாறிச் சூடினார்கள். பாண்டியர் மாறவர்மன், சடையவர்மன் என்று அவ்வாறே சூடினார்கள். தந்தைக்கும் மகனுக்கும் பட்டம் வேறுபடும். பாட்டனும் பேரனும் பெரும்பாலும் ஒரே பட்டத்தில் சந்திப்பார்கள். இவ்வளவு பழைய சங்கிலியை என் மகள் அறுத்துவிட்டாளே என்பதுதான் என் மனக்குறை.

இந்த நிலையில் ஒருநாள் மாலை என் மனைவியார் காப்பியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு அமைதியாக ஒரு கேள்வி கேட்டார்கள்: "சம்பந்தியின் பெயர் என்னவென்று உங்களுக்குத் தெரியுமா?"

நான் விழித்தேன். மருமகனின் தந்தையைத் திருமணத்தில் கண்டேன், கை குலுக்கினேன், படமும் எடுத்துக்கொண்டேன். அவருடைய குடும்பப் பெயர் அழைப்பிதழில் இருந்தது. ஆனால் அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியவில்லை.

"அவர் பெயர் எரிக்" என்றார்கள் என் மனைவியார். "முதற்பேரனுக்குத் தந்தையைப் பெற்ற பாட்டன் பெயர்; இரண்டாவது பேரனுக்குத் தாயைப் பெற்ற பாட்டன் பெயர். இதுதானே நம் ஊர் வழக்கம்? உங்கள் மகள் வழக்கத்தை மீறவில்லை. மீற நினைத்தவர் நீங்கள்தான்."

அன்பர்களே, கணக்கெழுதிப் பழகிய எனக்கு இதைவிடத் தெளிவாக என் பிழையை யாரும் காட்டியதில்லை. ஆறுமுகம் என்பது குழந்தைக்குத் தாயின் பாட்டன் பெயர். முறைப்படி பார்த்தால் அவனுடைய தந்தைவழிப் பாட்டன் உயிரோடு இருக்க, அவர் பெயரைத் தள்ளிவிட்டு என் தந்தையின் பெயரை வைக்கச் சொல்வது எந்த ஊர் நியாயம்?

அன்றிரவே மகளோடு பேசினேன். அவள் அழுதாள், நானும் அழுதேன். அதை இங்கே விரிக்கவேண்டுவதில்லை. அவள் சொன்ன ஒரு செய்தியை மட்டும் சொல்லவேண்டும். நார்வே நாட்டிலும் மூத்த மகனுக்குத் தந்தைவழிப் பாட்டன் பெயரையும், அடுத்த மகனுக்குத் தாய்வழிப் பாட்டன் பெயரையும் சூட்டுவதே பழைய கிராம மரபாம். இரண்டு குடும்பத்து வழக்கமும் ஒன்றாக இருந்தமையால் அவளும் கணவரும் பெயரைத் தேடவே இல்லையாம். நான் ஒருவன்தான் ஏழு கடல் தாண்டித் தேடிக்கொண்டிருந்தேன்.

நிற்க. அதன்பின் இந்தப் பெயரின் பொருள் என்ன, பிறப்பு எங்கே என்று அறியும் ஆவல் எனக்கு உண்டாயிற்று. பேரனின் பெயருக்குப் பொருள் தெரியாத பாட்டனாக இருக்க எனக்கு மனமில்லை. படித்தும் கேட்டும் அறிந்தவற்றை உங்கள் முன் வைக்கின்றேன்.

எரிக் என்பதன் பழைய வடிவம் எய்ரீக்ர் என்பது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் நார்வே, சுவீடன், டென்மார்க்கு, ஐசுலாந்து ஆகிய நாடுகளில் வழங்கிய பழைய நார்சு மொழிப் பெயர் இது. இதில் இரண்டு சொற்கள் உள்ளன. பிற்பகுதியாகிய 'ரீக்ர்' என்பதற்கு ஆற்றல் மிக்கவன், ஆட்சி உடையவன் என்பது பொருள். இலத்தீன் மொழியில் அரசனைக் குறிக்கும் 'ரெக்சு', வடமொழியில் அரசனைக் குறிக்கும் 'ராஜன்', ஆங்கிலத்தில் செல்வரைக் குறிக்கும் 'ரிச்' ஆகிய அனைத்தும் ஒரே வேரிலிருந்து வந்தவை என்பது மொழிநூலார் கண்ட முடிபு.

முற்பகுதியாகிய 'எய்' என்பதில் இரு கருத்துகள் உண்டு. ஒன்று என்னும் பொருளுடைய சொல்லிலிருந்து வந்தது என்பர் ஒரு சாரார். வடமொழி 'ஏக' என்பதன் உறவு அது. என்றும் என்னும் பொருளுடைய சொல்லிலிருந்து வந்தது என்பர் மற்றொரு சாரார். வடமொழி 'ஆயுசு' என்பதன் உறவு அது. முதற்கருத்தைக் கொண்டால் எரிக் என்பான் ஒப்பாரின்றித் தனித்து ஆள்பவன்; இரண்டாவதைக் கொண்டால் என்றும் ஆள்பவன். நம் முறையில் சொன்னால் தனியரசன் அல்லது நித்தியராசன். இரண்டில் எது சரியென்று அறிஞர்கள் வாதிடட்டும். பாட்டனாகிய எனக்கு இரண்டும் இனிக்கின்றன.

இப்பெயர் கல்லிலும் காணப்படுகின்றது. அந்நாட்டவர் 'ரூன்' என்னும் கோட்டெழுத்துகளைப் பாறையில் வெட்டி இறந்தோரை நினைவுகூர்ந்தனர். இன்று ஜெர்மனியின் வடகோடியில் உள்ள ஹெடபி என்னும் பழைய துறைமுகத்தின் அருகே 1796இல் ஒரு கல் கண்டெடுக்கப்பட்டது. ஒரு வீரன் தன் தோழனுக்காக நட்ட கல் அது. அந்நகரை வீரர்கள் முற்றுகையிட்டபோது வீழ்ந்த அத்தோழன் கப்பல் செலுத்துவோன் என்றும் மிக நல்ல வீரன் என்றும் அக்கல் கூறுகின்றது. அத்தோழனின் பெயர் எரிக்.

இதைப் படித்தவுடன் நம் நடுகற்கள் நினைவுக்கு வரவில்லையா? போரில் வீழ்ந்தவனின் பெயரையும் பெருமையையும் எழுதிக் கல் நாட்டும் வழக்கத்தைச் சங்க நூல்கள் பேசுகின்றன. தொல்காப்பியம் அதற்கு இலக்கணமே வகுக்கின்றது. தேனி மாவட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006இல் கிடைத்த நடுகற்கள் தமிழ்ப் பிராமி எழுத்துடையவை; கிறித்துவுக்கு முற்பட்ட காலத்தவை. அவற்றுள் ஒன்று கூடலூரில் ஆநிரை கவர்ந்த பூசலில் வீழ்ந்த தீயன் அந்தவன் என்பானுக்கு எடுத்தது. வடகடல் ஓரத்து எரிக்கும் வைகைக் கரை அந்தவனும் ஒருவரையொருவர் அறியார். ஆனால் மனிதன் இறந்தபின் எஞ்சுவது பெயர் என்று இருவருடைய ஊராரும் அறிந்திருந்தார்கள்.

இப்பெயர் தாங்கியவருள் உலகம் நன்கறிந்தவன் செந்தலை எரிக். அவன் தலைமயிர் செந்நிறமாக இருந்தமையால் அப்பெயர் வந்தது. நார்வேயில் பிறந்தவன்; கொலைப்பழி காரணமாக நாடு கடத்தப்பட்ட தந்தையோடு ஐசுலாந்தில் குடியேறினான். அங்கும் சண்டை மூண்டு, ஏறத்தாழ 982இல் மூன்றாண்டுகள் நாட்டைவிட்டு விலகவேண்டும் என்று தீர்ப்பாயிற்று. அவன் மேற்கே கப்பல் செலுத்தி, பனி மூடிய ஒரு பெருநிலத்தைக் கண்டான். குடியேற மக்கள் வரவேண்டும் என்பதற்காக அதற்குப் பசுமை நிலம், அதாவது கிரீன்லாந்து, என்று பெயரிட்டான் என்று பழைய நூல்கள் கூறுகின்றன. கடலே கண்ணில் படாத கட்டடத்திற்குக் கடற்காட்சி என்று பெயர் வைக்கும் நம் மும்பைக் கட்டடக்காரர்களுக்கு அவன்தான் முன்னோடி போலும்! எனினும் பெயரை நம்பி மக்கள் வந்தார்கள். 985ஆம் ஆண்டையொட்டி இருபத்தைந்து கப்பல்கள் புறப்பட்டன. பதினான்கே கரை சேர்ந்தன.

அவன் மகன் லெய்வ் எரிக்சன். கொலம்பசுக்கு ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகள் முன்பே அமெரிக்கக் கரையில் கால் வைத்தவன் என்று போற்றப்படுபவன். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்துத் தீவில் நார்சு மக்கள் தங்கிய வீடுகளின் அடித்தளங்களை 1960இல் நார்வே நாட்டு இங்ஸ்டாட் தம்பதியர் கண்டறிந்தார்கள். அங்குக் கிடைத்த மரத்துண்டுகள் 1021இல் வெட்டப்பட்டவை என்று 2021இல் அறிவியலார் கணித்துக் கூறினார்கள்.

இந்த மகனின் பெயரை நீங்கள் கவனிக்கவேண்டும். லெய்வ் என்பதற்கு எஞ்சியது என்றும் வழித்தோன்றல் என்றும் பொருள். நம் மொழியில் எச்சம் என்னும் சொல்லுக்கும் இவ்விரு பொருள்களும் உண்டு அல்லவா? எஞ்சி நிற்பதும் எச்சம். ஒருவர் விட்டுச்செல்லும் மக்களும் எச்சம். நார்வேயில் மிகுதியாக வழங்கும் ஓலாவ் என்னும் பெயரும் இச்சொல்லைக் கொண்டதே. முன்னோர் என்னும் சொல்லும் எச்சம் என்னும் சொல்லும் சேர்ந்து ஓலாவ் ஆயின. முன்னோரின் எச்சம் என்பதே அதன் பொருள். பெயரன் என்னும் நம் சொல்லின் கருத்து அங்கே ஒரு பெயராகவே நிற்கின்றது.

ஓலாவ் என்றதும் ஒரு வரலாறு சொல்லத் தோன்றுகின்றது. 1905இல் நார்வே சுவீடனிடமிருந்து பிரிந்தபோது, டென்மார்க்கு இளவரசர் கார்ல் என்பாரை மன்னராக அழைத்தார்கள். அவர் தம் பெயரை விட்டு ஹாக்கோன் என்னும் நார்வேப் பெயரைச் சூடினார். அலெக்சாந்தர் என்று பெயரிடப்பட்டிருந்த தம் இரண்டு வயது மகனுக்கு ஓலாவ் என்று பெயர் மாற்றினார். அதற்கும் ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன், டென்மார்க்கு, நார்வே, சுவீடன் ஆகிய மூன்று நாடுகளுக்கும் 1397இல் ஒரே மன்னனாக முடிசூடியவனும் பிறப்பில் வேறு பெயரினன். பொமரேனியா நாட்டில் பிறந்த அவனுக்குப் பெற்றோர் இட்ட பெயர் போகிசுலாவ். அவனை வளர்ப்பு மகனாக ஏற்ற மார்கிரேத்தா அரசியார் அவனுக்கு இட்ட பெயர் எரிக். புகுந்த மண்ணின் பெயரைச் சூடுதல் அரசர்க்கும் உண்டு என்பதற்கு இவை சான்று. அதனால் அவர்கள் சிறுமை அடைந்துவிடவில்லை.

இனி, இப்பெயர்கள் நம் கரைக்கு வந்த கதையைச் சுருங்கச் சொல்கின்றேன்.

நார்சுப் பெயர்கள் தமிழ்மண்ணில் முதன்முதலாக நிலைத்து ஒலித்த இடம் தரங்கம்பாடி. 1620இல் டென்மார்க்குக் கடற்படைத் தலைவர் ஓவெ யெட்டெ அங்கு வந்திறங்கினார். தஞ்சையை ஆண்ட இரகுநாத நாயக்கரோடு உடன்படிக்கை செய்து, டான்சுபோர்க்குக் கோட்டையைக் கட்டத் தொடங்கினார். நாயக்கர் டென்மார்க்கு மன்னருக்குப் பொன்னேட்டில் தமிழில் எழுதிய மடல் இன்றும் அந்நாட்டு ஆவணக் காப்பகத்தில் உள்ளது. பின்னர்த் தாய்நாட்டிலிருந்து நெடுங்காலம் கப்பலே வாராமல் போயிற்று. அக்காலத்தில், 1669இல் கப்பல் வந்து சேரும்வரை, கோட்டையைக் காத்து நின்றவர் எஸ்கில் என்னும் எளிய மனிதர். அவர் பெயருக்குப் பொருள் தேடினேன். தெய்வக் கொப்பரை என்று விடை வந்தது! பெயரில் கொப்பரை வருவது அவர்களிடையே பெருமையாம். வேள்விக்குரிய பாத்திரம் என்பது கருத்து. 1845இல் தரங்கம்பாடியை டேனியர் ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டார்கள். அவர்கள் இட்ட பெயரின்படி அங்கு அரசர் வீதி இன்றும் உண்டு. நமக்கு அரசர் வட்டம். அவர்களுக்கு அரசர் வீதி!

எரிக் என்னும் பெயர் இந்தியாவில் பரவியதற்குக் காரணம் டேனியர் அல்லர், ஆங்கிலேயர். அதிலும் ஒரு வியப்பு உண்டு. இங்கிலாந்தில் அருகியே வழங்கிய இப்பெயரைச் சென்ற நூற்றாண்டிற்கு முந்திய நூற்றாண்டில் வீடுதோறும் கொண்டுசென்றது ஒரு கதைநூல். எரிக் என்னும் பள்ளி மாணவனைப் பற்றி 1858இல் பிரெடெரிக் வில்லியம் பாரர் என்பார் எழுதியது அது. இந்தப் பாரர் எங்கே பிறந்தார் தெரியுமா? 1831இல், நம் பம்பாய்க் கோட்டைப் பகுதியில்! சமய ஊழியம் செய்ய வந்தவரின் மகன் அவர். எரிக் என்னும் பெயருக்குப் புதுவாழ்வு தந்தவர் இந்நகரின் காற்றைக் குடித்து வளரத் தொடங்கியவர் என்பதை அறிந்த அன்று, அப்பெயர் எனக்குப் பாதி உறவாகிவிட்டது. ஜார்ஜ் ஆர்வெல் என்று உலகம் போற்றும் எழுத்தாளரின் இயற்பெயரும் எரிக்தான். அவர் 1903இல் பீகாரில் மோதிகாரியில் பிறந்தவர்.

நம் கண்முன்னே உள்ள சான்றுகளும் உண்டு. மாட்டுங்காவிலும் தாராவியிலும் வாழும் கிறித்தவ அன்பர்களிடையே எரிக், ஹெரால்டு, ரொனால்டு என்னும் பெயர்களை நாம் கேட்டுப் பழகியிருக்கின்றோம். இவை மூன்றும் நார்சுக் குடும்பத்தின் உறவு கொண்டவை. ஹெரால்டு என்றால் படையை ஆள்பவன். ரொனால்டு என்பது ரொக்ன்வால்டு என்பதன் திரிபு. தெய்வ அருள் பெற்ற ஆட்சியாளன் என்று பொருள் கொள்வர். மலேரியா ஒட்டுண்ணியைக் கொசுவின் உடலில் 1897இல் செகந்திராபாத்தில் கண்டறிந்த ரொனால்டு ராசு அவர்களை நாம் மறக்கலாகாது. என்னோடு பள்ளியில் ஒரே பலகையில் அமர்ந்த தோழனொருவன் பெயர் எரிக். அவன் வீட்டில் பேசியது தூத்துக்குடித் தமிழ். அவன் பெயரை அந்நியப் பெயரென்று நான் ஒருநாளும் எண்ணியதில்லை. என் பேரனுக்கு வந்தபோது மட்டும் அது ஏன் அந்நியமாயிற்று? இதை நான் என்னையே பலமுறை கேட்டுக்கொண்டேன்.

ஈழத்துத் தமிழர்க்கோ இப்பெயர் மேலும் அணுக்கமானது. யாழ்ப்பாணத்துக் குருநகரைச் சேர்ந்த அந்தோனி இராசேந்திரம் என்பார் 1956இல் நார்வே சென்றடைந்தார். அவரைத் தொடர்ந்து இளைஞர் பலர் அங்குக் கல்வி கற்கச் சென்றனர். பின்னர்ப் போரால் இடம்பெயர்ந்தோர் வடகோடிப் பனிப்பகுதியில் மீன் பதனிடும் ஆலைகளில் உழைத்துக் குடும்பங்களை நிலைநிறுத்தினர். 2002ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் கையெழுத்தான போர்நிறுத்த உடன்பாட்டிற்கு நடுநின்ற நார்வேத் தூதர் எரிக் சூல்ஹெய்ம் பெயர் அந்நாளில் தமிழ் நாளேடுகளில் வாராத வாரமில்லை. சூல்ஹெய்ம் என்பதற்கு ஞாயிற்றின் இல்லம் என்பது பொருள்.

இவ்விடத்தில் மும்பையில் வாழும் நமக்கெல்லாம் பழகிய ஒரு தொல்லையைப் பேசவேண்டும். பள்ளியிலும் வங்கியிலும் தரும் படிவத்தில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் இருக்கும். மராட்டியரும் குசராத்தியரும் தயங்காமல் நிரப்புவார்கள். நாம் எழுதுகோலைக் கடித்துக்கொண்டு நிற்போம். சிலர் தந்தை பெயரை எழுதுவார்கள். சிலர் ஊர்ப்பெயரை எழுதுவார்கள். என் தந்தையின் பெயரையே என் குடும்பப் பெயராக ஓர் அலுவலகத்தில் எழுதிவிட்டமையால், முப்பத்தைந்து ஆண்டுகள் என்னை எல்லாரும் "மிஸ்டர் ஆறுமுகம்" என்றே அழைத்தார்கள். அலுவலகத்தில் என் பெயரால் என்னை அழைத்தவர் எவருமில்லை.

நார்வே மக்களும் இதே நிலையில் இருந்தவர்களே. தம் பெயர், தந்தை பெயரோடு மகன் என்னும் சொல், வாழும் பண்ணையின் பெயர் ஆகிய மூன்றுமே அவர்களுடைய அடையாளம். நாம் ஊர், தந்தை, தன் பெயர் என்று எழுதுகின்றோம். அவர்கள் அதைத் திருப்பி எழுதினார்கள், அவ்வளவே. வழிவழி வரும் குடும்பப் பெயர் ஒன்று எல்லார்க்கும் வேண்டும் என்று 1923இல் தான் அங்குச் சட்டம் வந்தது. ஐசுலாந்தில் இன்றும் பெரும்பாலோர்க்குக் குடும்பப் பெயர் இல்லை. தந்தை பெயரோ தாய் பெயரோதான் பின்னொட்டாக வரும். ஆகவே படிவத்தின் முன் நிற்கும்போது நாம் தனியாக நிற்கவில்லை என்று ஆறுதல் கொள்ளலாம்.

பெயர் மாறினால் பொருள் மாறிவிடும் என்று அஞ்சுவோர்க்கு நாம் கூடியிருக்கும் இந்த இடமே விடை. நம் வட்டத்தின் நடுவே உள்ள பூங்காவிற்கு மகேசுவரி உத்தியானம் என்று பெயர் மாறிப் பல்லாண்டுகள் ஆயின. பம்பாய் 1995இல் மும்பை ஆயிற்று. நம் இரயில் நிலையத்திற்குத் தீர்த்தங்கரர் பார்சுவநாதர் பெயரைச் சூட்டவேண்டும் என்று 2024இல் மகாராட்டிர சட்ட மேலவை தீர்மானம் நிறைவேற்றியது. எந்தப் பெயர் பலகையில் இருந்தாலும், மாலையில் மல்லிகைப்பூ வாங்கவும் காப்பித்தூள் அரைக்கவும் கால்கள் தாமாக இங்கேதான் வருகின்றன. பெயரைத் தாங்கி நிற்பது பழக்கம். பழக்கத்தைத் தாங்கி நிற்பது அன்பு.

அன்பர்களே, நம்முள் பலருடைய மக்கள் இன்று கடல் கடந்து வாழ்கின்றார்கள். ஒருகாலத்தில் நம் தந்தையர் நெல்லையையும் பாலக்காட்டையும் தஞ்சையையும் விட்டு இங்கு வந்தபோது, ஊரில் இருந்த பாட்டன்மாரும் நம்மை எண்ணி இப்படித்தான் கலங்கியிருப்பார்கள். "பம்பாயில் பிறந்த பிள்ளை நம் பிள்ளையாக இருக்குமா?" என்று கேட்டிருப்பார்கள். நாம் இருக்கின்றோம். மராட்டியும் பேசுகின்றோம்; தமிழ்ச் சங்கமும் நடத்துகின்றோம்.

ஆகவே உங்களிடம் இரண்டு வேண்டுகோள்கள். முதலாவது, சம்பந்தியின் பெயரைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். அதன் பொருளையும் கேளுங்கள். இரண்டாவது, பேரனுக்கு எந்தப் பெயர் வாய்த்தாலும், அவனுடைய முன்னோரின் பெயர்களை, இருபுறத்தார் பெயர்களையும், அவனுக்குச் சொல்லிக்கொடுங்கள். பெயர் சூட்டுதல் பெற்றோர் உரிமை. பெயர்களை நினைவூட்டுதல் பாட்டன் பாட்டியரின் கடமை.

வெள்ளிப் பாலாடை என்னவாயிற்று என்று கேட்பீர்கள். அதைப் பெர்கனுக்கு அனுப்பிவிட்டேன். பொறித்த பெயரை நான் அழிக்கவில்லை. கூடவே ஒரு கடிதம் எழுதினேன்: "அம்மா, உன் மகனின் பெயர் எரிக் என்பதே முறை. இது அவனுடைய கொள்ளுப்பாட்டனின் தந்தைக்கு அடுத்த தலைமுறைப் பெயர். கணக்குப் பார்த்தால் கொள்ளுப்பாட்டன் பெயர். இந்தப் பாலாடையில் அவன் பால் குடிக்கட்டும். எழுத்துக் கூட்டத் தெரிந்தபின் தமிழில் இந்தப் பெயரை அவன் படிக்கட்டும்." சென்ற திங்கள் அவன் தொலைபேசியில் 'ஆ' என்று ஓரெழுத்தைப் படித்துக் காட்டினான். எஞ்சிய எழுத்துகளுக்காகக் காத்திருக்கின்றேன்.

இன்னும் ஒன்று. மூன்று திங்கள் நான் வாய் மூடியிருந்த காலத்தில் என் மனைவியார் என்னை அறியாமல் நாள்தோறும் அக்குழந்தையோடு பேசியிருக்கின்றார்கள். எரிக் என்னும் பெயர் அவர்கள் நாவில் எளிதில் புரளவில்லை. ஆகவே முதல்நாளிலிருந்தே அவர்கள் அவனை "என் ராசா" என்றுதான் அழைத்திருக்கின்றார்கள். அகராதியை நான் புரட்டி அறிந்த பொருளை, அவர்கள் புரட்டாமலே சொல்லியிருக்கின்றார்கள்.